சீமாட்டி லீதா உண்மையில் பேசியது

ஊமைப் படத்தில் நடிகை என்ன பேசினாள் என்று யாராவது கேட்டால், நான் எழுதியதைத்தான் பேசினாள் என்று மார்தட்டிக்கொண்டு திரிந்தவன் நான். ஒரு நாள் இரண்டு நாள் இல்லை, நான்கு வருடம். காப்பிக் கடையிலும் சொன்னேன், முடிவெட்டுகிற இடத்திலும் சொன்னேன், கேட்காதவர்களிடமும் சொன்னேன்.

என் பெயர் எவாசியோ கிரிபாவ்தோ. தூரின் நகரத்தில் பவோனே ஃபிலிம் கம்பெனிக்கு வசன அட்டை எழுதுவது என் வேலை. திரையில் நடிகை வாயைத் திறப்பாள். உடனே அவள் மறைந்து, கறுப்புப் பலகையில் வெள்ளை எழுத்தில், சுற்றிலும் பூங்கொடி போட்டு, என் அட்டை வரும். ஜனங்கள் எழுத்துக்கூட்டிப் படித்து முடித்ததும் நடிகை திரும்பி வந்து வாயை மூடுவாள். வாயைத் திறந்ததும் மூடியதும் அவள். நடுவில் இருந்ததெல்லாம் நான். இதில் யார் பெரிய கலைஞர் என்று நீங்களே சொல்லுங்கள். நான் அன்றைக்கே முடிவு செய்துவிட்டேன்.

அதற்கு முன் ஒரு கவிதைப் புத்தகம் போட்டிருந்தேன். இருநூறு பிரதி அச்சடித்தேன், அதில் நூற்றுத்தொண்ணூறு என் கட்டிலுக்கு அடியில் பத்திரமாக இருந்தது. என் எழுத்தை வாரத்துக்கு ஐயாயிரம் பேர் படிக்கிறார்கள் என்றால் அது பவோனே ஃபிலிமின் புண்ணியம்தான்.

முதலாளி ஒனோராத்தோ குவாலியா. அரசர் கொடுத்த கவாலியேரே பட்டம் உண்டு, அதனால் அவரை எல்லோரும் கவாலியேரே என்றுதான் கூப்பிட வேண்டும், அவர் மனைவி உட்பட. எனாமல் பாத்திரம் செய்து விற்றவர். பாத்திரத்தில் ஓட்டை இருந்தால் திருப்பிக் கொண்டுவந்து முகத்தில் எறிகிறார்கள், படத்தில் ஓட்டை இருந்தால் கலை என்று கைதட்டுகிறார்கள் என்பதைக் கண்டுபிடித்த அன்றே தொழிலை மாற்றிக்கொண்டார்.

நடிகையைக் கண்டுபிடித்ததும் அவர்தான். ஒரு சாக்லேட் தொழிற்சாலைக்கு ஏதோ வேலையாகப் போனவர், அங்கே இயந்திரங்களின் இரைச்சலுக்கு நடுவில் சாக்லேட்டுக்குத் தங்கத்தாள் சுற்றுகிற ஒரு பெண் மேஸ்திரியோடு சண்டை போடுவதைப் பார்த்திருக்கிறார். ஒரு சொல் காதில் விழவில்லை. ஆனால் அந்த உதடும் கண்ணும் பேசியது ஒன்றுகூடப் புரியாமல் இல்லை.

"சத்தமே கேக்கலைய்யா! ஆனா அந்த ஆளோட ஏழு தலைமுறையையும் இழுத்து வச்சு நாறடிச்சிட்டா! எனக்கு அங்க நின்னுக்கிட்டே எல்லாம் வெளங்கிடுச்சு!" என்று என் அறைக்கு ஓடிவந்து சொன்னார்.

சத்தமில்லாமல் அவ்வளவு தெளிவாகப் பேச அந்தப் பெண் எங்கே கற்றுக்கொண்டாள் என்று எங்களில் ஒருவருக்காவது கேட்கத் தோன்றியதா? தோன்றினால் நாங்கள் ஏன் சினிமாவில் இருக்கப் போகிறோம்.

அவள் பெயர் செகொந்தினா ஆக்தீஸ். பாரியேரா தி நிட்சா பேட்டையில் பிறந்தவள். அந்தப் பெயரையும் பேட்டையையும் வைத்துக்கொண்டு ஒரு டிக்கெட் விற்க முடியாது என்றார் கவாலியேரே. நான் ஒரே மத்தியானத்தில் அவளை லீதா மொரவ்ஸ்கா ஆக்கினேன். போலந்து நாட்டுச் சீமாட்டி. தகப்பனார் வாள்சண்டையில் இறந்தார், தாயார் துக்கத்தில் இறந்தார், குதிரைகூட ஏதோ ஒன்றில் இறந்தது. ஓநாய் ஊளையிடும் காட்டு மாளிகையில் தனியாக வளர்ந்தாள். பத்திரிகைப் பத்தியில் இரண்டு வரி குறைந்ததால்தான் ஓநாயைச் சேர்த்தேன். தூரின் முழுக்க அதை நம்பியது.

ஒப்பந்தத்தில் மூன்று நிபந்தனை. சீமாட்டிக்குக் கணவன் கிடையாது, பிள்ளை கிடையாது. சீமாட்டி டிராமில் ஏற மாட்டாள். சீமாட்டி வெளியாட்கள் முன்னால் வாயைத் திறக்க மாட்டாள். மூன்றாவதுதான் முக்கியம். செகொந்தினா வாயைத் திறந்தால் பேட்டைச் சந்தை மொத்தமும் அதிலிருந்து வந்து கொட்டும். குன்றின் அடிவாரத்தில் ஒரு பங்களா கொடுத்தார் கவாலியேரே. துணைக்கு ஒரு அம்மாளையும் வைத்தார். துணை என்பது மரியாதைக்குச் சொல்வது. அந்த அம்மாள் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிற காவல்.

செகொந்தினா கையெழுத்து மட்டும் போடத் தெரிந்தவள். போட்டாள்.

அதற்குப் பிறகு வருடத்துக்கு எட்டுப் படம். எட்டிலும் கடைசியில் செத்தாள். விஷம் குடித்துச் செத்தாள், பனியில் உறைந்து செத்தாள், ஒரு படத்தில் வெறும் வெட்கத்தால் செத்தாள். ஜனங்கள் விம்மி விம்மி அழுதார்கள். அட்டை என்னுடையது என்பதால் நான் பின்வரிசையில் நின்று அந்த அழுகையை எண்ணிக்கொண்டிருப்பேன்.

கதாநாயகன் உபால்தோ ஸ்தக்கீனி. சும்மா சொல்லக்கூடாது, பக்கவாட்டில் பார்த்தால் அழகன். ஆனால் மத்தியானச் சாப்பாட்டுக்குப் பூண்டையும் நெத்திலியையும் எண்ணெயில் காய்ச்சி, அதில் ரொட்டியை முக்கி முக்கித் தின்றுவிட்டு நேரே காதல் காட்சிக்கு வருவான். கண்ணாடிக் கூரைக்கு அடியில் வெயில் கொளுத்தும், காமிராக்காரன் கைப்பிடியைச் சுற்றத் தொடங்குவான், செகொந்தினா அவன் கழுத்தைக் கட்டிக்கொண்டு, கண்ணில் நீர் தளும்ப, தேவதை மாதிரி முகத்தை உயர்த்திச் சொல்லுவாள்: "பன்னிப்பயலே, இன்னிக்கும் பூண்டா? மூஞ்சிய அந்தப் பக்கம் திருப்புடா, செத்துருவேன்."

திரையில் அந்த இடத்தில் என் அட்டை வரும்: 'பிரபுவே! என் இதயம் உங்கள் பாதத்தில் விழுந்த வெண்புறா அல்லவா!'

ஸ்டூடியோவில் எல்லோரும் அப்படித்தான். யாரும் எதையும் பேசலாம். அட்டை வந்து எல்லாவற்றையும் சுத்தம் செய்துவிடும்.

ஒரு நாள் அவள் என் அறைக்கு வந்தாள். காவல் அம்மாள் வெளியே நாற்காலியில்.

"மொன்சு எவாசியோ, எனக்குச் சுத்தமான இத்தாலியன் சொல்லிக் குடுக்கறீங்களா?"

எங்கள் ஊரில் பெரிய மனுஷனை மொன்சு என்பார்கள். அவள் வாயால் அதைக் கேட்டதும் எனக்குத் தலைகால் புரியவில்லை. வீட்டிலும் தெருவிலும் எங்களுக்குப் பியெமோந்தேப் பேச்சுதான். இத்தாலியன் என்பது பள்ளிக்கூடத்துக்கும் நீதிமன்றத்துக்கும் உள்ளது. ஆஹா, என் அட்டையைப் பேசி நடிக்க ஆசைப்படுகிறாள் என்று நினைத்து, அலமாரியிலிருந்து என் கவிதைப் புத்தகத்தை எடுத்தேன்.

"அதெல்லாம் வேணாம். 'கம்பளிக் காலுறை போட்டுக்கிட்டியா'ங்கறத எப்படிச் சொல்றது?"

"என்னது?"

"'பால்ல ஏடு இருந்தா எடுத்துப் போட்டுட்டுக் குடி.' அப்புறம் 'ராத்திரி பயமா இருந்தா செவுத்துப் பக்கம் திரும்பிப் படு.' இதெல்லாம் ஒழுங்கா, பள்ளிக்கூடத்துல சொல்றாப்புல சொல்லணும்."

வேலைக்காரியை அதிகாரம் செய்யப் பழகுகிறாள் என்று நினைத்துக்கொண்டேன். ராத்திரி வேலைக்காரிக்கு ஏன் பயமாக இருக்கப் போகிறது என்று யோசிக்கவில்லை. சொல்லிக் கொடுத்தேன். ஒவ்வொரு வாக்கியத்தையும் என் நிலைக்கண்ணாடி முன்னால் நின்று, சத்தம் போடாமல், உதட்டை மட்டும் அசைத்து இருபது தடவை சொல்லிப் பார்த்தாள். பைத்தியம் என்று நினைத்தேன்.

அந்தச் சமயத்தில்தான் கவாலியேரேவிடம் தர்மம் செய்யச் சொல்லி யோசனை கொடுத்தாள். ஆற்றுக்கு அப்பால், குன்றின்மேல், காது கேளாத பெண்பிள்ளைகள் விடுதி ஒன்று இருக்கிறது. கன்னியாஸ்திரீகள் நடத்துவது. அந்தப் பிள்ளைகளுக்கு ஒருவாரம் விட்டு ஒருவாரம், ஞாயிற்றுக்கிழமை இலவசமாகப் படம் காட்டினால் என்ன?

கவாலியேரே துள்ளிக் குதித்தார். "அட, பியானோக்காரன் சரியா வாசிக்கலைன்னு ஒருத்தரும் குறை சொல்ல மாட்டாங்க! பேப்பர்ல வரும்! மெடல்கூடக் குடுப்பாங்க!" அடுத்த வாரமே அது அவருடைய சொந்த யோசனையாகிவிட்டது.

பிறகு செகொந்தினா என்னோடு சண்டை பிடிக்க ஆரம்பித்தாள்.

"மொன்சு, உங்க அட்டை என் வாயை முழுங்குது. நான் வாயத் தொறந்தாப் போதும், கத்தரிச்சுட்டு அட்டையப் போட்டுடறீங்க. கொஞ்சம் கம்மியா எழுதக் கூடாதா?"

"தோத்தா செகொந்தினா," என்றேன் நான், கல்யாணமாகாத பெண்ணுக்கு உரிய மரியாதையோடு, "ஜனங்க காசு குடுக்கறது உங்க வாயப் பாக்கவா, என் வசனத்தப் படிக்கவா?"

"என் வாயப் பாக்கவும் ஒருத்தர் இருக்கலாமில்ல?"

"அப்படி ஒருத்தர் இருந்தா அவருக்கு எழுத்து தெரியாதுன்னு அர்த்தம்."

நான் வென்றுவிட்ட சந்தோஷத்தில் அடுத்த படத்துக்கு ஒவ்வொரு அட்டையையும் இரண்டு மடங்கு நீளமாக எழுதினேன். அற்பனுக்கு வேறு என்ன செய்யத் தெரியும்.

1913 மே மாதத்தில் விடுதியிலிருந்து ஒரு கடிதம் வந்தது. எழுதியவர் தலைமை ஆசிரியை சிஸ்டர் லுத்கார்தா. கவாலியேரே எங்கள் மூன்று பேரையும், அதாவது என்னையும் செகொந்தினாவையும் உபால்தோவையும், தன் அறையில் நிற்கவைத்துப் படித்துக் காட்டினார்.

அந்த விடுதியில் பிள்ளைகள் கையால் ஜாடை காட்டக் கூடாது. காட்டினால் கையைப் பின்னால் கட்டிவிடுவார்கள். உதட்டைப் பார்த்துப் புரிந்துகொள்ள வேண்டும், வாயால் திருப்பிச் சொல்ல வேண்டும், அதுவும் சுத்தமான இத்தாலியனில். நாடு முழுக்க அதுதான் முறை. ஊமைப் படத்தைக் காட்ட உலகத்திலேயே ஆகாத ஒரு கூட்டம் உண்டென்றால் அது உதடு படிக்கிற கூட்டம்தான் என்பது எங்கள் மண்டையில் உறைக்கவே இல்லை. நாங்கள்தான் அவர்களைத் தேடிப் போய், முன்வரிசையில் உட்காரவைத்து, இலவசமாகக் காட்டினோம்.

கடிதம் இப்படிப் போயிற்று: 'தங்கள் சீமாட்டி திரையில் வெண்புறா என்கிறார். ஆனால் அவர் உதடு, வீட்டுப் பேச்சு தெரிந்த பிள்ளை ஒருத்தி படித்த வரையில், பூண்டு என்றும் பன்றி என்றும் சொல்கிறது. பிள்ளைகள் சிரித்துப் புரண்டார்கள். எங்களுக்கு ஜெபம் சொல்லிக்கொடுப்பதே கஷ்டமாகிவிட்டது.'

உபால்தோ முகம் சிவந்து ஜன்னல் பக்கம் திரும்பினான். கவாலியேரே மேலே படித்தார்.

'இதைப் படித்துச் சொன்ன பிள்ளையின் பெயர் தெல்ஃபினா. ஒன்பது வயது. உதடு படிப்பதில் கெட்டிக்காரி, ஆனால் பொய்க்காரி. சீமாட்டி தன்னிடம் காலுறை பற்றியும் பாலேடு பற்றியும் பேசுகிறார் என்கிறாள். சீமாட்டி தன் அம்மா என்றும் சாதிக்கிறாள். அட்டையில் வேறு எழுதியிருக்கிறது என்று காட்டினோம். சீமாட்டி போலந்தில் பிறந்தவர் என்ற பத்திரிகைச் செய்தியையும் காட்டினோம். ஒப்புக்கொள்ள மறுக்கிறாள். மூன்று தடவை சோளத்தின்மேல் முட்டிபோட வைத்தாயிற்று. திருந்தாவிட்டால் கோடை விடுமுறையோடு சவோனாவில் உள்ள கண்டிப்பு இல்லத்துக்கு அனுப்ப இருக்கிறோம். தயவுசெய்து சீமாட்டி வாயை அடக்கிக்கொள்ளட்டும்.'

அவர் படிக்கும்போது நான் செகொந்தினாவைப் பார்த்தேன். சிரித்துக்கொண்டிருந்தாள். கண்ணில் நீர் கொட்டிக்கொண்டே சிரித்தாள். முட்டிபோட்ட இடம் வந்ததும் சிரிப்பு நின்றது, கண்ணீர் நிற்கவில்லை.

"வெக்கமில்லாம சிரிச்சா பாரு!" என்று கத்தினார் கவாலியேரே. "ஏய் கவிஞரே! இனிமே இவ உதடு அசையற ஒவ்வொரு எடத்துலயும் அட்டையப் போடு! ஒரு பல்லு தெரியக் கூடாது!"

என் வாழ்க்கையின் மிகச் சந்தோஷமான நாள் அது. இதை வெட்கத்தோடு எழுதுகிறேன், ஆனால் உண்மை அதுதான். அடுத்த படத்தில் நூற்றுப்பன்னிரண்டு அட்டை. சீமாட்டி வாயைத் திறக்கும் முன்பே நான் வந்துவிடுவேன். படம் திரைக்கு வந்த ஞாயிற்றுக்கிழமை நான் போய்ப் பார்த்தேன். முன்வரிசையில் பிள்ளைகள் கொட்டாவி விட்டார்கள். ஓரத்தில் ஒரு சிறுமி மட்டும் நாற்காலி விளிம்புக்கு வந்து, கழுத்தை நீட்டி, ஒவ்வொரு அட்டையும் எப்போது போகும் என்று பார்த்துக்கொண்டே இருந்தாள். படம் முடிந்தும் எழுந்திருக்கவில்லை. இழுத்துக்கொண்டு போனார்கள்.

மறுநாள் காலையில் செகொந்தினா என் அறைக்கு வந்து கதவைத் தாழிட்டாள். காவல் அம்மாள் வெளியே தட்டத் தட்டத் திறக்கவில்லை.

"தெல்ஃபினா எம்பொண்ணு," என்றாள்.

நான் பேனாவைக் கீழே வைத்தேன்.

"பொறந்ததுலேருந்து காது கேக்காது. எங்கிட்டதான் வளந்தா. அவளுக்காகத்தான் சத்தமில்லாமப் பேசப் பழகுனேன். அஞ்சு வயசுல விடுதியில விட்டேன். வாரா வாரம் வியாழக்கிழமை முக்காடு போட்டுக்கிட்டுப் போயிப் பாப்பேன். அப்புறம் உங்க சீமாட்டி வந்தா. பங்களா வந்துச்சு, இந்தக் காவக்காரி வந்தா. மாசா மாசம் பணம் தபால்ல போகுது. தபால்ல அம்மா போக முடியுமா, மொன்சு?"

"லெட்டர் போட்டிருக்கலாமே," என்றேன், ஏதாவது சொல்ல வேண்டுமே என்று.

"எனக்கு எழுத வருமா? யாரையாச்சும் எழுதச் சொன்னா அங்க சிஸ்டரு பிரிச்சுப் படிப்பாங்க. விஷயம் வெளிய வந்தா ஒப்பந்தம் போச்சு, விடுதிக்குக் கட்ற பணமும் போச்சு. அதான் திரையில பேசுனேன். ரெண்டு வருஷமா பேசுறேன். அது அவளுக்குப் போய்ச் சேருதா இல்லையான்னுகூடத் தெரியாம பேசுனேன். லெட்டர் வந்தப்பதான் தெரிஞ்சுது, ஒண்ணு விடாம வாங்கிக்கிட்டிருக்கான்னு." முகத்தைத் துடைத்துக்கொண்டாள். "அவளப் பொய்க்காரிங்கறாங்க. சாட்சி என்ன? நீங்க எழுதுன அட்டை. நீங்க எழுதுன போலந்து. இப்ப என் வாயையும் மூடிட்டீங்க. இன்னும் நாலு ஞாயித்துக்கிழம போனா அவளே நம்பிருவா, எல்லாம் தானா நினைச்சுக்கிட்டதுன்னு. அம்மா பேசவே இல்லைன்னு."

நான் என்ன செய்தேன் தெரியுமா? காலில் விழுந்து மன்னிப்புக் கேட்டேன் என்று எழுதினால் அழகாக இருக்கும். இல்லை. எனக்கு முதலில் வந்தது கோபம். நான்கு வருடம், ஆயிரத்துக்கு மேல் அட்டை, அத்தனையும் காலுறைக்கு மேலே போட்ட மூடியா என்ற கோபம். "கொஞ்சம் யோசிக்கிறேன்" என்று சொல்லி அவளை அனுப்பிவிட்டேன். யோசித்தேன். பிரதிகள் ஊர் ஊராகப் போய்விட்டன, கத்தரிக்கோலை எடுத்து ஒன்றும் செய்ய முடியாது. கவாலியேரேவிடம் சொன்னால் அவளுக்கு வேலை போகும். சொல்லாவிட்டால் பிள்ளை சவோனாவுக்குப் போகும். எனக்குத் தூக்கம் போனதோடு சரி.

வழியைத் திறந்துவிட்டது கவாலியேரேதான், அந்த மகராசன்.

ஜூன் மாதம், எங்கள் ஊர்ப் பாதுகாவலர் ஸ்நாபக அருளப்பர் திருநாளுக்கு முந்தைய வாரம் விடுதியில் ஆண்டுக் காட்சி நடக்கும். ஊர்ப் பிரமுகர்கள் முன்னால் பிள்ளைகளை மேடையேற்றி, உதடு படிக்கவைத்து, வாயால் பேசவைத்துக் காட்டுவார்கள். எல்லோரும் "அற்புதம்!" என்பார்கள். பிறகு கொடையாளிகளுக்கு மெடல். இந்த வருடம் மெடல் கவாலியேரேவுக்கு. சீமாட்டியையும் கூட்டிக்கொண்டு போனால் பத்திரிகையில் படம் பெரிதாக வரும் என்று அவருக்கு ஆசை.

"ஆனா இவ வாயத் தொறந்தா மானம் போயிடுமே," என்று மோவாயைத் தடவினார். திடீரென்று மேசையைக் குத்தினார். "அட! காது கேக்காத புள்ளைங்கதானய்யா! சத்தம் எதுக்கு? இவ உதட்ட மட்டும் அசைக்கட்டும், புள்ள அதப் படிச்சு உரக்கச் சொல்லட்டும்! சீமாட்டி குரலே யாருக்கும் கேக்காது! எப்படி நம்ம மூளை? ஏய் கவிஞரே, தர்மத்தப் பத்தி நல்லதா ஒரு வாக்கியம் எழுது. ஒரு காப்பி சிஸ்டருக்கும் அனுப்பு, சரிபாத்துக்கட்டும்."

எழுதினேன். 'தர்மம் என்பது ஆன்மாவின் தோட்டத்தில் என்றும் வாடாத வெண்மலர்.' செகொந்தினா நான் படித்துக் காட்டியதைக் கேட்டுக்கொண்டாள். அதைத்தான் மேடையில் சொல்வாளா என்று நான் கேட்கவில்லை.

அன்றைக்கு மண்டபம் நிறைந்துவிட்டது. ஆயரின் பிரதிநிதி, கலெக்டர் மனைவி, பத்திரிகைக்காரர்கள். முதல் வரிசையில் மெடல் குத்தத் தோதாக நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு கவாலியேரே. நான் இரண்டாம் வரிசை. மேடையில் செகொந்தினா, கறுப்பு விக், கண்ணைச் சுற்றி மை, தோளில் நரித்தோல். முக்காட்டுக்காரியை அதில் தேடிக் கண்டுபிடிக்க எந்தக் கன்னியாஸ்திரீயாலும் முடியாது.

சிஸ்டர் லுத்கார்தா கையில் என் வாக்கியத்தோடு முன்னால் வந்தார். "எங்கள் மிகச் சிறந்த மாணவியை அழைக்கிறேன்," என்றார். வந்தவள் தெல்ஃபினா. பொய்க்காரிதான், முட்டியில் சோளம் குத்திய காயம்கூட ஆறவில்லை, ஆனால் மெடல் கொடுக்கிற நாளில் காட்டுவதற்கு அவளைவிட்டால் ஆள் ஏது? ஒட்ட வெட்டிய முடி, பெரிய கண். மேடையில் நின்ற சீமாட்டியைப் பார்த்ததும் அந்தப் பிள்ளை ஓடவில்லை, அழவில்லை. மூன்று தடவை தண்டனை வாங்கியவள். கையைப் பின்னால் கட்டிக்கொண்டு, உதட்டை மட்டும் பார்த்தாள்.

செகொந்தினாவின் உதடு அசைந்தது.

பிள்ளை உரக்கச் சொன்னாள். துருப்பிடித்த கீல் மாதிரி ஒரு குரல், ஏற்ற இறக்கமே இல்லை. ஆனால் கடைசி வரிசை வரைக்கும் கேட்டது.

"தெல்ஃபினா."

சிஸ்டர் காகிதத்தைப் பார்த்தார். புருவம் சுருங்கியது.

"நீ பொய் சொல்லவில்லை."

கவாலியேரே புன்னகையோடுதான் இருந்தார். அவருக்கு வாக்கியம் மறந்துவிட்டது.

"திரையில் உன்னிடம் பேசியது நான்தான். காலுறை பற்றிக் கேட்டதும் நான்தான். நான் உன்..."

பிள்ளை அங்கே நின்றுவிட்டாள். செகொந்தினாவின் உதடு அந்தக் கடைசிச் சொல்லை மறுபடியும் சொன்னது. இன்னொரு தடவையும் சொன்னது. பிள்ளை அதை உரக்கச் சொல்ல பயந்தாள். அந்தச் சொல்லுக்குத்தானே சோளத்தில் முட்டிபோட்டாள்.

"தப்பு!" என்றார் சிஸ்டர் லுத்கார்தா. "இங்க எழுதியிருக்கறது வேற! இத்தன பெரியவங்க முன்னாடியும் பொய்யா?" பிள்ளையின் காதைப் பிடித்து முறுக்கினார்.

"ஏய்! எம்பொண்ணு காத விடுடி!"

குன்று அதிர்ந்தது. போலந்து மாளிகையில் ஓநாய்களோடு வளர்ந்த சீமாட்டி லீதா மொரவ்ஸ்கா முதன்முதலாகப் பொது இடத்தில் பேசினாள், பாரியேரா தி நிட்சா மீன்கடையின் குரலில். கலெக்டர் மனைவியின் விசிறி கீழே விழுந்தது. பத்திரிகைக்காரர்கள் ஒரே சமயத்தில் பென்சிலைத் தேடினார்கள்.

கவாலியேரே லேசுப்பட்டவர் இல்லை. எழுந்து நின்று, கையை விரித்து, ஒரு சிரிப்புச் சிரித்தார். "கனவான்களே, சீமாட்டி அடுத்த படத்தோட ஒரு காட்சிய நடிச்சுக் காட்டறாங்க! தாய்ப்பாசம்! பிரமாதம் இல்ல? அவங்க உதட்டுல சொன்னது தர்மத்தப் பத்தின வாக்கியம்தான், புள்ள பாவம், படிக்கத் தெரியாம உளறிடுச்சு. எழுதின ஆளே இங்க இருக்கார்." என் பக்கம் திரும்பினார். பல்லைக் கடித்துக்கொண்டே சொன்னார்: "எந்திரிய்யா கவிஞரே. உன் வாக்கியத்தச் சொல்லு."

எழுந்தேன். மண்டபம் முழுக்க என்னைப் பார்த்தது. என் வாழ்நாளில் அத்தனை பெரிய சபை என் வாக்கியத்துக்காகக் காத்திருந்ததில்லை. செகொந்தினா என்னைப் பார்த்தாள். 'சொல்லிவிட்டுப் போ, உன்னால் ஆனது அதுதானே' என்று இருந்தது அந்தப் பார்வை. கவாலியேரே அவளுக்கும் வாசலைத் திறந்துதான் வைத்திருந்தார். நான் வெண்மலரைச் சொன்னால் அவள் சீமாட்டியாகவே வீடு திரும்பலாம். எனக்கும் வேலை இருக்கும். பிள்ளை மட்டும் பொய்க்காரி ஆவாள், இந்தத் தடவை ஊர் முழுக்கச் சாட்சியாக.

தெல்ஃபினாவும் என் உதட்டைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அதனால் அவள் பக்கம் திரும்பி, ஒவ்வொரு சொல்லாக, வாயை நன்றாகத் திறந்து சொன்னேன்: "அட்டை தப்பு. இதுக்கு முன்னாடி நான் எழுதுன அத்தன அட்டையும் தப்பு. பொண்ணு படிச்சதுதான் சரி."

பிள்ளை சிஸ்டரின் கையைத் தட்டிவிட்டு, அம்மா பக்கம் திரும்பி, பாக்கி இருந்த அந்த ஒரு சொல்லையும் உரக்கச் சொன்னாள். செகொந்தினா நரித்தோலைக் கழற்றி மேடையிலேயே போட்டாள். முட்டியில் காயத்தோடு பிள்ளை எப்படி நடக்கும் என்று தூக்கிக்கொண்டே இறங்கினாள். ஒன்பது வயதுப் பிள்ளை, நல்ல கனம். குன்றிலிருந்து இறங்கி டிராமில் ஏறினார்கள்.

கவாலியேரேவுக்கு மெடல் கிடைக்கவில்லை. நிறுத்திவைத்திருக்கிறார்கள் என்றார், இன்றுவரை நின்றுகொண்டுதான் இருக்கிறது. என்னை அன்று சாயங்காலமே வெளியே தள்ளினார். ஆறு வாரத்தில் இன்னொரு சீமாட்டி வந்தாள், இந்தத் தடவை ருமேனியா. லீதா மொரவ்ஸ்கா ஓநாய்க் காட்டுக்கே திரும்பிப் போய்விட்டதாகப் பத்திரிகையில் போட்டார்கள், அதையும் ஜனங்கள் நம்பினார்கள்.

செகொந்தினா பேட்டைச் சந்தையில் சாக்லேட்டும் வறுத்த பாதாம் மிட்டாயும் விற்கிறாள். ஞாயிற்றுக்கிழமை அம்மாவும் பெண்ணும் சினிமாக் கொட்டகைக்குப் போவார்கள். போன வாரம் பின்வரிசையில் நானும் இருந்தேன். பவோனே ஃபிலிமின் புதுப் படம் ஒன்று. உபால்தோ ருமேனியாச் சீமாட்டியின் காலடியில் விழுந்து வாயைத் திறந்தான். என் வாரிசு எழுதிய அட்டை வந்தது, என்னுடையதைவிட நீளம். சபை அதைப் படிக்கவே இல்லை. எல்லோரும் மூன்றாம் வரிசைப் பக்கம் திரும்பி, அந்தப் பெண் என்ன சொல்லப் போகிறாள் என்று காத்திருந்தார்கள்.

"'முட்டி வலிக்குது, சீக்கிரம் காமிராவச் சுத்தித் தொலைடா' அப்படிங்கறான்," என்றாள் தெல்ஃபினா, துருப்பிடித்த குரலில், கொட்டகை முழுக்கக் கேட்கும்படி.

ஜனங்கள் கைதட்டினார்கள். நானும் தட்டினேன்.